வெளிநாடு போகும் மலையகப் பிள்ளைகளுக்கு: தரையில் வாழும் பெரிய டரண்டுலாவை வளர்ப்பது எப்படி

டரண்டுலா என்ற, உடம்பெல்லாம் முடியுள்ள பெரிய சிலந்தியை வாங்க ஆசை வந்தால் முதலில் விசாவில் எத்தனை வருஷம் மீதி இருக்கிறது என்று பாருங்கள். மெக்சிகோவின் சிவப்பு முழங்கால் டரண்டுலா பெண்ணாக இருந்தால் 20 வருஷத்துக்கு மேலும் வாழும். படிக்கப் போகிறவருக்குச் சில வருஷ விசாதான் கிடைக்கும். படிப்பு முடிந்ததும் சிலந்தியைப் பையில் வைத்துக்கொண்டு கட்டுநாயக்கவில் வந்து இறங்க முடியாது. அனுமதிப்பத்திரம் இல்லாமல் வெளிநாட்டு விலங்கை இலங்கைக்குள் கொண்டுவருவது குற்றம். ஆகவே நீங்கள் அங்கே எத்தனை காலம் இருப்பீர்கள் என்பதை வைத்துத்தான் எந்தச் சிலந்தி என்று முடிவு செய்யவேண்டும்.

நான் பர்மிங்ஹாமில் ஒரு செல்லப்பிராணிக் கடையில், பாம்பும் பல்லியும் சிலந்தியும் இருந்த பகுதியில் நெடுங்காலம் வேலை செய்தேன். வீட்டிலும் டரண்டுலா வைத்திருந்தேன். இப்போது பண்டாரவளையில் இருக்கிறேன். ஹட்டன், தலவாக்கலை, பதுளைப் பக்கத்திலிருந்து படிக்கவோ வேலைக்கோ இங்கிலாந்து போகிற பிள்ளைகள் புறப்படுவதற்கு முன் என்னிடம் வந்து பேசிவிட்டுப் போவார்கள். வாடகை அறை, குளிர்ச்சட்டை, சம்பளம் எல்லாம் கேட்டு முடித்த பிறகு, "மாமா, அங்க நீங்க பெரிய சிலந்தி வளர்த்தீங்களாமே, கஷ்டமா?" என்று மெதுவாகத் தொடங்குவார்கள். கஷ்டம் இல்லை. தனி அறையில் தங்கி, இரவு பகல் மாறி மாறி வேலைக்குப் போகிறவருக்கு இதைவிடப் பொருத்தமான உயிர் கிடைப்பது அரிது. சத்தம் போடாது, நாற்றம் இல்லை, நாய்க்குட்டியாக இருந்தால் நாள் முழுக்கத் தனியே தவிக்குமே, அந்தத் தவிப்பும் இதற்கு இல்லை. ஆனால் அதன் தேவைகள் நம்முடைய தேவைகள் அல்ல. அதைப் புரிந்துகொள்ளாதவர் கையில் நல்ல சிலந்தி வீணாகச் செத்துப்போகும்.

சரி, குறுகிய விசாவில் போகிறவருக்கு என்ன வழி? வளர்ந்து முடிந்த ஆண் சிலந்தி ஒன்றை எடுத்துக்கொள்ளச் சொல்வேன். ஆண் கடைசியாகச் சட்டை உரித்த பிறகு, இனத்தைப் பொறுத்துச் சில மாதங்கள் வாழும். மிஞ்சிப்போனால் ஒன்றரை வருஷம். இனப்பெருக்கத்துக்கு வைத்திருப்பவர்கள் வேலை முடிந்ததும் இப்படிப்பட்ட ஆண்களைக் குறைந்த விலைக்குக் கொடுப்பார்கள், சிலர் சும்மாவே தந்துவிடுவார்கள். வாய்க்கு இரண்டு பக்கமும் இருக்கும் சிறு கைகளின் நுனி உருண்டு பருத்திருக்கும். பல இனங்களில் முதல் இரண்டு கால்களின் உட்புறம் கொக்கி இருக்கும். அதுதான் முதிர்ந்த ஆண். ஒருவரும் கேட்காத அந்த உயிருக்குக் கடைசிக் காலத்தில் இருட்டும் தண்ணீரும் கொடுத்துப் பார்த்துக்கொள்வது நல்ல காரியம் என்றே நான் நினைக்கிறேன். நீங்களும் டரண்டுலாவைப் பற்றிக் கற்றுக்கொள்வீர்கள்.

அங்கேயே குடியிருக்கப் போகிறவர்கள் பெண் குஞ்சையோ இளம் பெண்ணையோ வாங்கலாம். இங்கிலாந்தில் டரண்டுலா வைத்திருக்க உரிமம் தேவையில்லை. ஆனால் வாடகை ஒப்பந்தத்தில் செல்லப்பிராணி பற்றி என்ன எழுதியிருக்கிறது என்று பார்த்து, வீட்டுக்காரரிடம் எழுத்தில் சம்மதம் வாங்குங்கள். கனடாவுக்குப் போகிறவர்கள் அந்தந்த நகரசபையின் விதியைப் பார்க்கவேண்டும். அது ஊருக்கு ஊர் மாறும். பக்கத்து அறைக்காரருக்கும் சொல்லிவிடுங்கள். சிலந்தி என்றால் நடுங்குகிறவர்கள் இருக்கிறார்கள். அவர்கள் குளியலறைக்குப் போகும் வழியில் பெட்டியை வைப்பது நியாயம் இல்லை.

இனம் தெரிவு செய்யும்போது அவசரப்படவேண்டாம். முதல் சிலந்திக்கு நான் எப்போதும் சொல்வது மூன்று. ஒன்று, மேலே சொன்ன சிவப்பு முழங்கால், பிராக்கிபெல்மா ஹமோரி. முன்பு கடைகளில் இதை ஸ்மித்தி என்ற பெயரில் விற்றார்கள். 2017 இல் வந்த ஆய்வில் இரண்டையும் சரியாகப் பிரித்தார்கள். இரண்டாவது, பராகுவே, ஆர்ஜென்டினாப் பக்கத்துக் கிராமோஸ்டோலா பல்கிரிபெஸ், முழங்காலில் பொன்னிறக் கோடு உள்ளது. கால் விரித்தால் 18 சென்டிமீட்டர் வரை வரும், குணம் சாது. மூன்றாவது அதே குடும்பத்துக் கருப்பு, கிராமோஸ்டோலா பல்க்ரா. மிக மெதுவாக வளரும், விலையும் அதிகம்.

பெரிதுதான் வேண்டும் என்று அடம்பிடிப்பவர்களுக்குப் பிரேசிலின் லாசியோடோரா பராஹிபானா இருக்கிறது. கால் விரிப்பு 25 சென்டிமீட்டரைத் தொடும், மூன்று நான்கு வருஷத்தில் வளர்ந்துவிடும். அது நல்ல சிலந்தி. ஆனால் சாப்பாட்டைக் கண்டால் பாயும், எரிச்சல் வந்தால் முடியை உதிர்க்கும். எல்லாவற்றிலும் பாரமான தெரபோசா பிளோண்டியை முதல் சிலந்தியாக வாங்கவே வேண்டாம். அதற்கு எப்போதும் ஈரம் வேண்டும், காற்றோட்டமும் வேண்டும். இரண்டையும் சேர்த்துப் பிடிக்கப் பழக்கம் தேவை. அதன் முடி தோலில் பட்டால் நாள்கணக்கில் அரிக்கும்.

எதை வாங்கினாலும் பெட்டியில் பிறந்து வளர்ந்ததா என்று கேளுங்கள். காட்டில் பிடித்ததாக இருந்தால் விட்டுவிடுங்கள்.

இதை நான் அழுத்திச் சொல்ல ஒரு காரணம் இருக்கிறது. நம் மலையிலும் பெரிய சிலந்தி இருக்கிறது. பெசிலோதீரியா சப்ஃபுஸ்கா என்று 1895 இல் போகொக் என்ற ஆங்கிலேய விலங்கியலாளர் பெயர் வைத்தார். கண்டி, மாத்தளைப் பக்கம் பெசிலோதீரியா ஸ்மித்தி என்ற இன்னொன்று இருக்கிறது; அது அழிவின் விளிம்பில் நிற்கிறது. இவை தரையில் வாழ்பவை அல்ல. பழைய மரத்தின் பொந்தில் இருந்து இரவில் வெளியே வரும். காடு தோட்டமாகி, தோட்டத்தின் பெரிய மரங்களும் வெட்டப்பட, இருக்க இடம் குறைந்துபோனது. போதாததற்கு வெளிநாட்டுக்காரர்கள் ஆசைப்பட்டுப் பிடித்துக்கொண்டு போனார்கள். நான் வேலை செய்த கடையிலேயே கண்ணாடிப் பெட்டியில் நம் ஊர்ச் சிலந்தி, கீழே இலங்கை என்று எழுதிய சீட்டோடு இருந்தது. 2019 இல் ஜெனீவாவில் நடந்த மாநாட்டில் இலங்கையும் அமெரிக்காவும் சேர்ந்து கேட்டதன்பேரில், பெசிலோதீரியா வகைச் சிலந்திகள் எல்லாமே, அருகிவரும் உயிரினங்களின் சர்வதேச வியாபாரத்தைக் கட்டுப்படுத்தும் சைட்டிஸ் ஒப்பந்தத்தின் இரண்டாம் பட்டியலில் வந்தன. அதற்குப் பிறகு எல்லை தாண்டுவதற்கு அனுமதிப்பத்திரம் வேண்டும். ஆகவே தோட்டத்தில் பிடித்து வளர்க்கலாமா என்று கேட்கிற தம்பிகளுக்கு என் பதில்: பிடிக்காதீர்கள். மழைக்காலத்தில் லயத்து அறைக்குள் ஒன்று வந்துவிட்டால் அடிக்கவும் வேண்டாம். அகலமான டப்பாவைக் கவிழ்த்து, அடியில் தடித்த அட்டையைச் செருகி, பக்கத்தில் உள்ள பழைய மரத்தடியில் விடுங்கள். கையால் தொடாதீர்கள். இந்த இனம் கடித்தால் தசைப்பிடிப்பு நாள்கணக்கில் வாட்டும், ஆஸ்பத்திரிக்குப் போகத்தான் வேண்டும்.

இனி பெட்டிக்கு வருவோம். சிலந்தியைக் கொல்வது பசி அல்ல, உயரம். தரைச் சிலந்தியின் வயிறு மெல்லிய தோல் பை. கண்ணாடியில் ஏறி, பிடி வழுகி, கல்லிலோ கடினமான தரையிலோ விழுந்தால் வயிறு கிழிந்துவிடும். அப்புறம் ஒன்றும் செய்யமுடியாது. ஆகவே மண்ணின் மேற்பரப்புக்கும் மூடிக்கும் இடையில் சிலந்தியின் கால் விரிப்பில் ஒன்றரை மடங்குக்கு மேல் இடைவெளி விடவேண்டாம். வளர்ந்த சிவப்பு முழங்காலுக்கு 30 சென்டிமீட்டர் நீள அகலம் போதும். லாசியோடோராவுக்கு 45 சென்டிமீட்டருக்குக் குறையக்கூடாது. உயரமான அழகுத் தொட்டி வாங்கிவிட்டால் கவலை இல்லை, மண்ணை அதிகமாகப் போட்டு நிரப்புங்கள். கம்பி வலை மூடி வேண்டாம். நகம் வலையில் மாட்டிக்கொண்டு காலை இழுத்து இழுத்துப் பிய்த்துவிடும். துளை போட்ட அக்ரிலிக் மூடியும் இரண்டு பக்கச் சுவரிலும் காற்றுத் துளையும் இருப்பது நல்லது. மூடிக்குப் பூட்டு அவசியம். சிலந்திக்கு நாம் நினைப்பதைவிட அதிகப் பலம் உண்டு.

மண் விஷயத்தில் எனக்கு ஒரு தனி சந்தோஷம். அங்கே கடையில் வாங்கும் தும்புத்தூள் கட்டிகளைப் புரட்டிப் பார்த்தால் பலவற்றில் இலங்கைத் தயாரிப்பு என்று இருக்கும். குருநாகல், புத்தளம் பக்கத்துத் தென்னையின் தும்பு, பர்மிங்ஹாமில் பிரேசில் சிலந்திக்கு மெத்தையாகிறது. 650 கிராம் கட்டி ஒன்றுக்கு நான்கு லீட்டர் அளவு வெந்நீர் ஊற்றி வையுங்கள். ஊறி எட்டு ஒன்பது லீட்டர் தூளாகும். ஆறிய பிறகு கைப்பிடியாக எடுத்து நன்றாகப் பிழியவேண்டும். பிழிந்த பின் கையில் ஈரம் தெரியவேண்டும், சொட்டக்கூடாது. தனித் தும்புத்தூளில் தோண்டிய பொந்து இடிந்து விழும். அதனால் உரமோ பூச்சிமருந்தோ கலக்காத மேல்மண்ணைப் பாதிக்குப் பாதி சேர்ப்பது என் வழக்கம். குறைந்தது 12, 15 சென்டிமீட்டர் ஆழம். லயத்து வாசலில் மண் தரை போடும்போது தட்டி இறுக்குவோமே, அப்படி அடுக்கு அடுக்காக உள்ளங்கையால் அழுத்துங்கள். பொலபொலவென்று விட்டால் சிலந்தி நடக்க விரும்பாமல் சுவரில் தொங்கிக்கொண்டிருக்கும். மேற்பரப்பு ஒரு வாரத்தில் காய்ந்துவிடும். மெக்சிகோ, பராகுவே இனங்களுக்கு அதுவே சரி. அடியில் கொஞ்சம் ஈரம் நின்றால் போதும். லாசியோடோராவுக்கு ஒரு மூலையில் மட்டும் அவ்வப்போது தண்ணீர் ஊற்றுங்கள்.

பலர் இங்கேதான் தவறு செய்கிறார்கள். வெப்பமண்டலப் பிராணி என்ற நினைப்பில் தினமும் தண்ணீர் தெளித்து, கண்ணாடியில் நுவரெலியாப் பனி படிந்த மாதிரி ஆக்கிவிடுவார்கள். காற்று ஓடாத ஈரத்தில் பூஞ்சணம் வரும், மைட் என்ற நுண்பூச்சி வரும். சிலந்தி மூச்சு விடுவது வயிற்றின் அடியில் இருக்கும் புத்தகத் தாள்போல் அடுக்கடுக்காக அமைந்த இரண்டு சோடிப் புத்தக நுரையீரல்களால். அவை நனைந்த அழுக்குத் தரையில் உரசிக்கொண்டு இருக்கக்கூடாது.

ஒளிந்துகொள்ள ஓர் இடம் கட்டாயம். கார்க் பட்டைத் துண்டு போதும். மண் பூச்சட்டியை நெடுக்காகப் பாதியாக வெட்டி மண்ணில் பாதி புதைத்தாலும் சரி. குஞ்சுக்குச் சிறு சிரட்டை போதும். ஒரு பக்கம் தண்ணீர்த் தட்டு, ஆழம் குறைந்தது. பஞ்சோ ஜெல்லோ வைக்கவேண்டாம், அதில் கிருமிதான் வளரும்; வெறும் தண்ணீரே போதும். டரண்டுலாவின் காலை நீட்டுவது உடம்புத் திரவத்தின் அழுத்தம். தண்ணீர் வற்றினால் கால் நீட்ட முடியாமல் எட்டுக் காலும் வயிற்றுக்கடியில் சுருண்டுவிடும். அந்த நிலையில் பார்த்தால் உடனே வாய்ப்பகுதி தண்ணீர்த் தட்டின் ஓரத்தில் படும்படி வையுங்கள். வயிற்றைத் தண்ணீரில் அமிழ்த்தாதீர்கள். நேரத்தோடு கவனித்தால் பிழைக்கும்.

சூடு பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். 20 முதல் 26 பாகை வரை நல்லது. பண்டாரவளையின் பகல் வெப்பம் ஏறக்குறைய அது. நீங்கள் சுவெட்டர் இல்லாமல் அறையில் இருக்க முடிந்தால் சிலந்திக்கும் பரவாயில்லை. அங்கே குளிர்காலத்தில் காசு மிச்சம் பிடிக்க ஹீட்டரை அணைத்துவிடுகிறவர்கள் உண்டு, அவர்கள் மட்டும் வெப்ப விரிப்பு வாங்கலாம். அதைப் பெட்டியின் பக்கச் சுவரில், சூட்டைத் தானாகக் கட்டுப்படுத்தும் தெர்மோஸ்டாட்டோடு பொருத்தவேண்டும். அடியில் வைக்கவே கூடாது. சூடு தாங்காவிட்டால் தரைச் சிலந்தி மண்ணைத் தோண்டிக் கீழே போகும். கீழேயே நெருப்பு இருந்தால் எங்கே போகும்? விளக்கும் வேண்டாம்.

சாப்பாட்டுக்கு இரவில் கத்தும் சுவர்க்கோழிப் பூச்சி, டூபியா கரப்பான், வெட்டுக்கிளி எல்லாம் கடையில் உயிரோடு கிடைக்கும். கடையில் வாங்கியதை மட்டும் கொடுங்கள். வெலிமடையிலும் நுவரெலியாவிலும் மரக்கறிப் பாத்திக்கு எப்படி மருந்து அடிப்பார்கள் என்று பார்த்து வளர்ந்தவர்கள் நாம். வெளியே பிடித்த பூச்சியின் உடம்பில் என்ன இருக்கிறது என்று அங்கேயும் தெரியாது. இரை, சிலந்தியின் வயிற்றைவிடப் பெரிதாக இருக்கவேண்டாம். வளர்ந்ததற்கு 10 நாளைக்கு ஒருமுறை, ஏன், இரண்டு வாரத்துக்கு ஒருமுறை கூடப் போதும். 24 மணி நேரத்தில் தொடாவிட்டால் இரையை எடுத்துவிடுங்கள், மிச்சம் மீதியையும் எடுங்கள். வயிறு உருண்டு பளபளவென்று இழுபட்டிருந்தால் அது ஆரோக்கியம் அல்ல. விழும்போது கிழிவது அந்த வயிறுதான். கிராமோஸ்டோலா மாதக்கணக்கில் சாப்பிடாமல் இருக்கும். வயிறு சுருங்காமல், தண்ணீரும் இருந்தால் பதறவேண்டாம். நம் வீடுகளில் சாப்பிடாத பிள்ளையைத் துரத்தித் துரத்தி ஊட்டுகிறோம். இங்கே அது உதவாது.

சாப்பிடாமல் இருப்பது பல வேளைகளில் சட்டை உரிக்கப் போவதன் அறிகுறி. நிறம் மங்கும், வயிற்றில் முடி உதிர்ந்த இடம் கருக்கும், பொந்தின் வாயை மண்ணால் அடைத்துக்கொள்ளும். பிறகு ஒரு நாள் வலைப்பாய் விரித்து அதில் மல்லாந்து படுத்துக்கொள்ளும். கடைக்கு எத்தனையோ பேர் அழுதுகொண்டு வருவார்கள், செத்துவிட்டது என்று. சாகும் சிலந்தி மல்லாக்கப் படுப்பதில்லை. நிமிர்ந்தபடியே கால் சுருண்டுதான் போகும். மல்லாந்திருந்தால் அது புது உடம்புக்குள் போகிறது. தொடாதீர்கள், பெட்டியை நகர்த்தாதீர்கள், நிமிர்த்திவிடாதீர்கள். பெரிய சிலந்திக்குப் பல மணி நேரம் எடுக்கும். பெட்டியில் பூச்சி ஏதும் உயிரோடு இருந்தால் மட்டும் முன்கூட்டியே எடுத்துவிடவேண்டும். மெல்லிய உடம்பாகக் கிடக்கும் சிலந்தியைச் சுவர்க்கோழி கடித்துத் தின்றுவிடும்.

உரித்து எழுந்தபின் நச்சுப்பல் வெள்ளையாக இருக்கும், பிறகு சிவந்து, கடைசியில் கறுக்கும். கறுக்கும்வரை இரை வேண்டாம். பெரியதற்கு இரண்டு வாரம் பொறுங்கள், தண்ணீர் மட்டும் நிறைந்திருக்கட்டும். காய்ந்த சட்டையைக் கவனமாக எடுத்து ஈரமாக்கி விரித்தால், வயிற்றுப் பகுதியின் உட்புறம் முன் நுரையீரல்களுக்கு இடையில் விந்துப்பை தெரிகிறதா என்று பூதக்கண்ணாடியில் பார்க்கலாம். இருந்தால் பெண். முன்பு இழந்த கால் ஒன்று சிறிதாக மீண்டும் முளைத்திருப்பதையும் அப்போதுதான் பார்ப்பீர்கள். எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அலுக்காத காட்சி அது.

கையில் எடுக்கலாமா என்று எல்லோரும் கேட்பார்கள். வேண்டாம் என்பது என் முடிவு. அதற்கு நம் கை வெறும் சூடான தரை. அன்பு அதற்குப் புரியாது. கையிலிருந்து விழுந்தால் நட்டம் அதற்கு. டரண்டுலா கடித்து மனிதர் இறந்ததாக உறுதியான பதிவு எதுவும் இல்லை. அமெரிக்கக் கண்டத்து இனங்களின் கடி பொதுவாகக் கொஞ்ச நேரம் வலித்து அடங்கும். சோப்புப் போட்டுக் கழுவுங்கள். மூச்சு முட்டினாலோ முகம் வீங்கினாலோ உடனே ஆஸ்பத்திரி. கடியைவிட நான் பயப்படுவது அவற்றின் சுணை முடிக்கு. பின்னங்காலால் வயிற்றைத் தேய்த்துக் காற்றில் விடும். கண்ணில் பட்டால் முடி உள்ளே இறங்கி, கண் மருத்துவரிடம் போகும் நிலை வரும். பெட்டியைச் சுத்தம் செய்யும்போது கண்ணாடியும் கையுறையும் போடுங்கள், முகத்தைப் பெட்டிக்கு மேல் குனியவேண்டாம், கையைக் கழுவாமல் கண்ணைத் தொடவேண்டாம். இரை எடுக்க நீள இடுக்கி ஒன்று வாங்குங்கள். இடம் மாற்றவேண்டும் என்றால் மூடியுள்ள பிளாஸ்டிக் டப்பாவை முன்னால் வைத்து, மெல்லிய தூரிகையால் பின்னங்காலைத் தொடுங்கள், தானாக உள்ளே நடக்கும். ஒரே பெட்டியில் இரண்டு வேண்டாம், ஒன்று மற்றதைத் தின்றுவிடும்.

அறையில் நுளம்புச் சுருள், கரப்பான் ஸ்பிரே, மின்சாரப் பிளக்கில் செருகும் நுளம்பு மருந்து எதுவும் கூடாது. வீட்டில் பூனை இருந்து அதற்குத் தெள்ளு மருந்து தடவினால், தடவிய கையோடு பெட்டிப் பக்கம் போகாதீர்கள். பூச்சியைக் கொல்லும் மருந்து சிலந்தியையும் கொல்லும். வீட்டுக்காரர் மருந்து அடிக்க ஆள் கூப்பிடுவதாகச் சொன்னால் பெட்டியை நண்பர் வீட்டுக்கு மாற்றிவிடுங்கள்.

கடைசியாக, தைப்பொங்கலுக்கோ தீபாவளிக்கோ ஊருக்கு வரும்போது என்ன செய்வது? வளர்ந்த சிலந்தி என்றால் மூன்று வாரம் தனியே இருக்கும். புறப்படுவதற்கு ஒரு வாரம் முன்பு இரை கொடுத்து, மிச்சத்தை எடுத்துவிட்டு, பெரிய தண்ணீர்த் தட்டாக வையுங்கள். பெட்டியில் வெயில் விழாமல் திரையை இழுத்துவிடுங்கள். குளிர்காலமாக இருந்தால் ஹீட்டரை முழுதாக அணைக்காமல் குறைந்த அளவில் விட்டுவிட்டு வாருங்கள். சாவியை நம்பிக்கையான ஒருவரிடம் கொடுத்து, வாரம் ஒருமுறை நீள மூக்குப் போத்தலால் மூடியின் துளை வழியே தட்டில் தண்ணீர் விடச் சொல்லுங்கள். மூடியைத் திறக்கவேண்டாம், பாவம் பசிக்குமே என்று இரை போடவேண்டாம் என்பதை எழுதிப் பெட்டியின் மேலேயே ஒட்டிவிட்டு வாருங்கள்.